நூற்றெட்டாவது சூத்திரம்

1.

இந்தக் கதை எனக்குக் கனவில் வந்தது என்று தொடங்கத்தான் ஆசை. வரவில்லை. ஒரு சனிக்கிழமை காலை பதினொரு மணிக்கு இனயம் என்ற கடலோர ஊரில் பஸ் ஏறி, புதுக்கடையில் இறங்கி, விலாசம் விசாரித்து, என் வீட்டு அழைப்புமணியை அழுத்தியது. புகார் சொல்ல.

நான் செல்வதாஸ். பள்ளியில் கணக்கு வாத்தியார். போன வருடம், ஏழு நிலவுகள் கொண்ட ஒரு நாட்டைக் கற்பனை செய்து அறுநூறு பக்கத்தில் மாயாஜால நாவல் ஒன்று எழுதினேன். நாடு என்றால் அதற்கொரு வேதம் வேண்டுமே. கனவுக்குள் ஆட்களை வரவழைக்கும் வித்தையைச் சொல்லும் புனித நூலாக ‘துயில்மறை’யை உண்டாக்கினேன். மொத்தம் நூற்றெட்டுச் சூத்திரங்கள். நான் எழுதியது ஏழு. மீதி நூற்றொன்றும் பெருந்தீயில் அழிந்தன என்று ஒரே வரியில் முடித்துவிட்டேன். எழுதச் சோம்பலாக இருக்கும்போது தீயைப் போல உதவி வேறில்லை.*

* ஒரு விமரிசகர் அந்தத் தீயை ‘மரபின் இழப்பைச் சொல்லும் ஆழ்ந்த படிமம்’ என்றார். நான் மறுக்கவில்லை.

2.

முதல் தொடக்கம்: கடல் அன்று எதையோ சொல்ல நினைப்பது போல—

(விட்டுவிட்டேன். புதுக்கடையில் கடல் இல்லை.)

இரண்டாவது: அவள் கண்களில் ஆயிரம் கேள்விகள்—

(ஒன்றுதான் இருந்தது.)

சரி, நடந்ததையே சொல்கிறேன். வாசலில் முப்பது வயதுப் பெண். பெயர் ஷைஜா. கையில் என் நாவல்.

“சார், துயில்மறை எழுதினது நீங்கதானா?”

என்னைத் தேடி வீட்டுக்கு வந்த முதல் வாசகி. கையெழுத்துப் போடப் பேனாவைத் திறந்துவிட்டேன்.

“நாலாவது சூத்திரம் வேலை செய்யுது சார்” என்றாள். “ஆளு வாறாரு. போவமாட்டேங்காரு.”

பேனாவை மூடினேன்.

3.

நாலாவது சூத்திரம் இது: இறந்தவரின் சட்டையைத் தலையணையில் விரித்து, மும்முறை பெயர் சொல்லித் துயில்க. பரீட்சைத்தாள் திருத்தும் இடைவேளையில் பத்து நிமிடத்தில் எழுதியது.

ஷைஜாவின் கணவன் பெனிஷ், மூன்று வருடங்களுக்கு முன் வள்ளம் கவிழ்ந்து இறந்துபோனான். மூன்றாம் நாள் உடல் கிடைத்து, கல்லறைத் தோட்டத்தில் அடக்கமும் ஆயிற்று. அவள் தையல் வேலை செய்து பிழைக்கிறாள். என் நாவலைப் படித்துவிட்டு, ஒரு மாதம் அவன் சட்டையை விரித்துப் படுத்திருக்கிறாள். ஒன்றும் நடக்கவில்லை. சட்டையை மடித்துப் பெட்டியில் வைத்துவிட்டாள். பிறகு போட் மெக்கானிக் சிஜின் அவளைப் பெண் கேட்டான். சம்மதம் சொன்னாள். அந்த வாரமே பெனிஷ் கனவில் வந்துவிட்டான். அன்றிலிருந்து தினமும்.

“என்ன சொல்லுதாரு?”

“ஒண்ணும் சொல்லமாட்டாரு. நனைஞ்ச துணியோட வாசல்ல நிக்காரு. பாத்துக்கிட்டே நிக்காரு. எனக்கு ஒறங்கவே பயமா இருக்கு சார்.” இடதுகைச் சுட்டுவிரலைக் காட்டினாள். கட்டுப் போட்டிருந்தது. பகலில் தூங்கி விழுந்து, தையல் ஊசி ஏறிய விரல்.

(இந்த இடத்தில் அவள் அழவேண்டும் என்கிறார் என் நண்பர் தாணு. அழாத விதவையை வாசகர்கள் நம்பமாட்டார்களாம். நானும் அழவைத்து ஒரு பத்தி எழுதிப் பார்த்தேன். அவள் அழவில்லை ஐயா, நான் என்ன செய்ய?)

“தொறக்கதுக்கு எழுதினீங்களே, அடைக்கதுக்கு உள்ளது எங்க சார்?”

“அது... தீயில எரிஞ்சு போச்சு.”

“யாரு எரிச்சது?”

“நான்தான்.”

காப்பி கொண்டுவந்த என் மனைவி ஜெபகுமாரி தம்ளரை மேசையில் வைத்தாள். “மக்களே, இவரு பேச்சைக் கேட்டா நீ சட்டைய விரிச்சா? இவருக்கு ஒழுங்கா ஒரு கொசுவலை கெட்டத் தெரியாது.”

“எல்லாம் கற்பனைம்மா” என்றேன் நான். “துயில்மறைன்னு ஒண்ணு கிடையாது.”

“அது எனக்கும் தெரியும் சார்” என்றாள் ஷைஜா. “அவருக்குத் தெரியாண்டாமா?”

4.

அறுநூறு பக்கம் எழுதியவன், அடைக்கும் சூத்திரம் ஒன்றையும் எழுத உட்கார்ந்தேன். தாளை எடுத்தேன். ‘ஓ நித்திரையின் ஏழு வாயில்களையும் காக்கும்—’

“இது எனக்கு மனசில நிக்காது சார். சின்னதா எழுதுங்க.”

ஜெபகுமாரி அவள் பக்கத்தில் உட்கார்ந்தாள். “இவரு எழுதது கெடக்கட்டும். உனக்கு அவருகிட்ட என்னத்தச் சொல்லணும்?”

ஷைஜா விரல்கட்டை இழுத்துச் சரிசெய்தாள். பிறகு என்னிடம் சொல்லவில்லை; வாசலைப் பார்த்துச் சொன்னாள்.

“சிஜின் நல்ல ஆளு. நான் உங்கள மறக்கல்ல. நின்னது போதும். நீங்களும் போய் ஒறங்குங்க.”

அப்படியே எழுதினேன். ஒரு ஒற்றுகூடச் சேர்க்கவில்லை. கதை எழுதுகிறவனுக்கு அது எவ்வளவு கஷ்டம் என்று உங்களுக்குத் தெரியாது. தாளை வாங்கிப் பார்த்தவள் திருப்பி நீட்டினாள்.

“நம்பர் போடுங்க சார். நூத்தியெட்டு. நம்பர் இல்லாட்டா அவரு நம்பமாட்டாரு.”

போட்டேன். கீழே கையெழுத்தும் கேட்டாள்.

5.

முடிவுகள்.

அ) அன்று முதல் பெனிஷ் வரவில்லை. (அப்படியென்றால் நான் தீர்க்கதரிசி. பள்ளி நிர்வாகம் ஒத்துக்கொள்ளாது.)

ஆ) தொடர்ந்து வந்தான், வாசலில் நிற்காமல் உள்ளே வந்து உட்கார்ந்— (வேண்டாம். சிஜினை நினைத்துப் பாருங்கள்.)

இ) பெனிஷ் என்பது அவளுடைய குற்றவுணர்ச்சியின் உருவ— (இதை அந்த விமரிசகர் எழுதிக்கொள்வார்.)

நடந்தது இவ்வளவு. இரண்டு மாதம் கழித்துக் கல்யாணத்துக்கு அழைத்தாள். நானும் ஜெபகுமாரியும் இனயம் போனோம். மேடையில் சிஜின் வியர்த்துக்கொண்டு நின்றான். ஷைஜாவின் முகம் நன்றாகத் தூங்கி எழுந்த முகமா, ஒப்பனையா என்று எனக்குப் பிடிபடவில்லை. போட்டோ எடுக்க நெருங்கி நின்றபோது, வெட்கத்தை விட்டு, மெதுவாகக் கேட்டேன்.

“அவரு இப்பமும் வாறாரா?”

அவள் கேமராவைப் பார்த்துச் சிரித்தபடியே சொன்னாள்: “மத்த எல்லாத்தையும் எழுதிக்கிடுங்க சார். அது மட்டும் வேண்டாம். அது எனக்குள்ளது.”

ஆகவே இந்தக் கதைக்கு என்னிடம் முடிவு இல்லை. உங்களுக்குத் தோன்றுவதை எழுதிக்கொள்ளுங்கள், நான் தடுக்கப்போவதில்லை. அதைக் காட்ட இனயத்துக்கு மட்டும் பஸ் ஏறிவிடாதீர்கள்.