ஓடிபி அத்தை

அவளை எல்லோரும் அக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். அவள் வேலை பார்க்கும் மூக்குக் கண்ணாடிக் கடை முதலாளி அவளைவிட வயதில் மூத்தவர், அவருக்கும் அவள் அக்கா. பார்சல் கொண்டுவருகிறவனுக்கும் அக்கா. ஃபிரேம் மாற்ற வரும் தாத்தாக்கள்கூட இரண்டாம் முறை வரும்போது, "அக்கா இல்லையா?" என்றுதான் கேட்டுக்கொண்டு உள்ளே நுழைவார்கள். கூப்பிட வேண்டிய ஒருத்தன் மட்டும் அம்மா போன நாளிலிருந்து கூப்பிடவில்லை.

அதனால்தான் அன்று காலை தம்பியின் பெயர் செல்போனில் மின்னியதும் அக்கா கையிலிருந்த லென்சைத் தரையில் விட்டாள். பிளாஸ்டிக் லென்ஸ், உடையவில்லை. குறுக்கே ஒரு கீறல் விழுந்தது. புதிதாக ஒன்றை இயந்திரத்தில் வைத்து முதலிலிருந்து தேய்க்க வேண்டும். தேய்த்தால் போகிறது.

"அக்கா, நான்தான்."

"தெரியுதுடா. சொல்லு. எப்படி இருக்க? எல்லாரும் நல்லா இருக்கீங்களா?"

"இருக்கோம்க்கா. உன் போனுக்கு இப்ப ஒரு ஓடிபி வந்திருக்கும். கொஞ்சம் பாத்துச் சொல்லேன்."

இத்தனை வருஷம் கழித்து வாயைத் திறந்தவன் கேட்டது அதைத்தான். அக்காவுக்கு அது உறைக்கவில்லை. அவன் "அக்கா" என்றதிலேயே அவளுக்கு உச்சி குளிர்ந்துபோயிருந்தது. வந்திருந்த ஆறு இலக்கத்தையும் பள்ளிக்கூடத்துப் பிள்ளை வாய்ப்பாடு ஒப்பிக்கிற மாதிரி ஒப்பித்தாள். அதற்குப் பிறகுதான் எதற்கு என்று கேட்டாள்.

விஷயம் இதுதான். தம்பி பள்ளிக்கூடத்தில் படித்த நாட்களில், அக்கா வேலைக்குச் சேர்ந்த புதிதில், ஒரு வீடியோ கேம் பெட்டி வாங்கிக் கொடுத்திருந்தாள். அதில் கேம் வாங்க ஒரு அக்கவுண்ட் வேண்டும், அக்கவுண்ட் திறக்க வயது வந்த ஆள் வேண்டும். ஆகவே பெயரும் அக்கா பெயர், செல்போன் எண்ணும் அக்காவுடையது. வாங்கிய ஒவ்வொரு கேமும் அவள் கணக்கில்தான் ஏறியது. கல்யாணமாகித் தனிக்குடித்தனம் போனபோது தம்பி பெட்டியைத் தூக்கிக்கொண்டு போனான். எண்ணை மாற்ற யாருக்கும் தோன்றவில்லை.

இப்போது அந்தப் பழைய பெட்டியின் உள்ளே இருந்த டிஸ்க் செத்துவிட்டது. புது டிஸ்க் போட்டால் பெட்டி காலி. வாங்கின கேமையெல்லாம் கம்பெனியிடமிருந்து மறுபடி இறக்கிக்கொள்ளலாம், காசு வேண்டாம், கணக்கைத் திறந்தால் போதும். ஆனால் அந்தப் பழைய பெட்டிக்கான ஆன்லைன் கடையை இந்த மாதத்தோடு இழுத்து மூடுகிறார்களாம். அதற்குள் இறக்கியது இறக்கியதுதான், விட்டது விட்டதுதான்.

"ஒவ்வொரு தடவையும் ஓடிபி கேக்குதுக்கா. ஒரு கேம் இறங்கி முடிச்சதும் அக்கவுண்ட்ல இருந்து அதுவே வெளிய வந்துடுது. பழைய மிஷின் இல்லையா."

"அதனால என்னடா. எப்ப வேணா கூப்பிடு."

சும்மா சொல்லவில்லை. மனசார வேண்டிக்கொண்டு சொன்னாள்.

பேச்சு நின்றுபோன கதையையும் சொல்லிவிட வேண்டும். அம்மா படுக்கையில் விழுந்த காலமெல்லாம் புரட்டிப் படுக்க வைத்ததும், துடைத்ததும், ராத்திரி விழித்ததும் அக்கா. தம்பி தொலைபேசியில் "பாத்துக்கோக்கா" என்பான். அவளும் பார்த்துக்கொண்டாள். கடைசியில் எல்லாம் முடிந்து, அடக்கமும் ஆகி, உறவுக்காரர்கள் வீட்டில் உட்கார்ந்திருந்த நேரத்தில் சக்கரம் வைத்த பெட்டியை உருட்டிக்கொண்டு வந்து நின்றான். அக்காவுக்கு நாக்கில் சனி. அத்தனை பேர் முன்னால், "வாங்க சார், வாங்க. விருந்தாளி வந்திருக்காரு, யாராவது நாற்காலி எடுத்துப் போடுங்கப்பா" என்றாள். யாரோ ஒரு புண்ணியவான் நிஜமாகவே நாற்காலியைக் கொண்டுவந்து போட்டான். தம்பி அதில் உட்காரவில்லை. பெட்டியைத் திருப்பி உருட்டிக்கொண்டு போனவன்தான். தூக்கி வளர்த்தவளுக்கு அப்படிக் கேட்க உரிமை இல்லையா என்றால், தாராளமாக இருக்கிறது. கேட்டு என்ன கிடைத்தது என்றால், ஒன்றும் கிடைக்கவில்லை.

இப்போது அவன் தினமும் கூப்பிட்டான். ஒரு கேமுக்கு ஒரு அழைப்பு. காலையில் கடை திறக்கும்போது ஒன்று, மத்தியானம் ஒன்று, சில நாள் சாயங்காலமும். அக்கா செல்போனை லென்ஸ் தேய்க்கும் இயந்திரத்தின் தலைமேலேயே வைத்துக்கொண்டாள். தண்ணீர் தெறிக்கிறது என்று முதலாளி சொன்னால், "தெறிச்சா துடைச்சுக்கறேன்" என்பாள்.

முதல் இரண்டு நாள் ஓடிபியை உடனே சொன்னாள். அவனும் "தேங்க்ஸ்க்கா" என்று உடனே வைத்தான். மூன்றாம் நாள் அக்காவுக்குப் புத்தி வந்தது. ஓடிபி கண்முன்னால் பளிச்சென்று கிடக்க, "இன்னும் வரலையேடா" என்றாள்.

"வரலையா? அனுப்பிட்டேன்னு காட்டுதே."

"இங்க சிக்னல் கொஞ்சம் அப்படித்தான். வரும், இரு. அது வரைக்கும் சொல்லு, பாப்பா என்ன படிக்கிறா?"

அப்படித்தான் ஆரம்பித்தது. வராத ஓடிபிக்காகக் காத்திருந்த நேரத்தில் பாப்பாவுக்கு முன்பல் விழுந்தது தெரிந்தது. தம்பிக்கு இடுப்பு வலி என்று தெரிந்தது. அவன் அலுவலகத்தில் மேலதிகாரி ஒரு கடுவன் பூனை என்று தெரிந்தது. ஒருநாள் அவனே, "அம்மா கடைசியா என்னைக் கேட்டாங்களா?" என்று கேட்டான். கேட்கவில்லை. அம்மாவுக்குக் கடைசியில் யாரையுமே தெரியவில்லை. "கேட்டாங்கடா" என்றாள் அக்கா. அன்றைக்கு ஓடிபி காலாவதியாகி, அவன் இரண்டாம் முறை அனுப்ப வேண்டியிருந்தது.

பாப்பாவும் பேச ஆரம்பித்தாள். அவள் பிறந்தபோது இவர்களுக்குள் பேச்சில்லை, அத்தையைப் பார்த்ததே இல்லை. "யாருப்பா? ஓடிபி அத்தையா? குடு, குடு!" என்று பிடுங்கிக்கொள்வாள். ஓடிபி அத்தை! முதலாளியிடம் அதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தாள் அக்கா. முதலாளி கண்ணாடியை மூக்கு நுனிக்குத் தள்ளிக்கொண்டு சொன்னார்: "ஆறு கடக்கிற வரைக்கும் அண்ணன் தம்பி, கடந்தா நீ யாரு நான் யாரு. பாத்துக்கங்கக்கா."

"உங்க வாயில நல்லதே வராதா?" என்று அவர்மேல் எரிந்து விழுந்தாள்.

அவள் காத்திருந்தது ஒரே ஒரு கேமுக்கு. படகு கேம். இரண்டு பேர் ஆட வேண்டியது. ஒருவர் இடப்பக்கம் துடுப்புப் போட வேண்டும், மற்றவர் வலப்பக்கம். ஒருவர் நிறுத்தினால் படகு நின்ற இடத்திலேயே கிறுகிறுவென்று சுற்றும். வேலை முடிந்து வந்த களைப்பில் அக்கா தூங்கி வழிவாள், படகு சுற்றும், தம்பி "அக்கா, துடுப்பு! துடுப்பு!" என்று முழங்கையால் இடிப்பான். வாங்கின கேமிலேயே அவளுக்கு ஆடத் தெரிந்தது அது ஒன்றுதான்.

"படகு வந்துச்சாடா?" என்று ஒவ்வொரு முறையும் கேட்டாள்.

"அது கடைசியில இருக்குக்கா. அது வந்ததும் பெட்டியைத் தூக்கிட்டு ஒரு ஞாயித்துக்கிழமை அங்கேயே வந்துடறோம். ஆடலாம்."

பாப்பாவுக்கு அக்கா அந்த விளையாட்டைச் சொல்லிக்கொடுத்தும் விட்டாள். நீ ஒரு பக்கம், நான் ஒரு பக்கம். வீட்டில் டிவிக்கு முன்னாலிருந்த துணி மூட்டையை அகற்றி இடம் பண்ணினாள். சோபாவுக்குப் புது உறை தைக்கக் கொடுத்தாள். ஒரு ஓடிபியை நம்பி.

மாதக் கடைசி நெருங்க நெருங்க தம்பியின் குரலில் அவசரம் ஏறியது. "என்னக்கா, தினம் உனக்கு மட்டும் சிக்னல் இல்லையா?" என்றான் ஒருநாள். பின்னாலிருந்து அவன் மனைவியின் குரல் தெளிவாகவே கேட்டது: "இன்னும் எத்தனை நாளைக்கு இவங்ககிட்ட கெஞ்சிட்டு இருக்கறது?" அக்கா அன்று ஓடிபியை உடனே சொல்லிவிட்டாள்.

மாதம் முடிய ஒருநாள் இருக்கும்போது, காலையில் கூப்பிட்டான். அக்கா ஒரு ஃபிரேமைச் சூட்டில் காட்டி, காதுப் பக்கம் வளைத்துக்கொண்டிருந்தாள். செய்தி வந்தது. வழக்கமாக இலக்கத்தை மட்டும் பார்ப்பவள், அது கொஞ்சம் நீளமாக இருக்கவே முழுதும் படித்தாள். உங்கள் கணக்கிலிருந்து இந்தக் கைபேசி எண்ணை நீக்கி வேறு எண்ணைச் சேர்ப்பதற்கான ஓடிபி இது, யாரிடமும் சொல்ல வேண்டாம் என்றிருந்தது.

"வந்துச்சாக்கா?"

"வந்துச்சு. எதுக்குடா இது?"

"படகுக்குத்தான்க்கா. அதான் பாக்கி."

அக்கா இன்னொரு தரம் படித்தாள். ஊருக்கே பார்வை சரி பண்ணுகிறவள், தன் கண்மேலேயே சந்தேகப்பட்டு மூன்றாம் தரமும் படித்தாள்.

"படகுக்கா?"

"ஆமாக்கா. நீதான கேட்டுட்டே இருந்த. பாப்பாவும் காத்துட்டு இருக்கா. சீக்கிரம் சொல்லு, டைம் போயிடும்."

'உன்னை ஒவ்வொரு தடவையும் கூப்பிடறது கஷ்டமா இருக்குக்கா, நம்பரை மாத்திக்கறேன்' என்று சொல்லியிருந்தால் நாலு வார்த்தை திட்டிவிட்டுக் கொடுத்திருப்பாள். பொய் சொல்லக்கூட அவனுக்கு வேறு கேம் கிடைக்கவில்லை. ஆனாலும் சொன்னாள். ஒவ்வொரு இலக்கமாக, நிறுத்தி நிறுத்தி, அவன் தப்பாக எழுதிவிடக் கூடாதென்று.

"தேங்க்ஸ்க்கா. அப்புறம் பேசறேன்."

உடனே அடுத்த செய்தி வந்து விழுந்தது. உங்கள் எண் நீக்கப்பட்டது. இதைச் செய்தது நீங்கள் இல்லையென்றால் கீழே அழுத்தவும்.

அக்கா அழுத்தவில்லை. வளைத்த ஃபிரேம் ஆறிப்போய் மறுபடி விறைத்துக்கொண்டது. மத்தியானம் அவளாகவே தம்பியைக் கூப்பிட்டாள். வாயைத் திறந்து உண்மையைச் சொல்ல அவனுக்கு ஒரு வாய்ப்புக் கொடுத்துப் பார்த்தாள்.

"படகு வந்துச்சாடா?"

"இறங்கிட்டு இருக்குக்கா. பாதி வந்துடுச்சு. மீட்டிங்ல இருக்கேன்."

"அப்ப இந்த ஞாயித்துக்கிழமை வர்றீங்களா?"

"பாக்கலாம்க்கா."

பாக்கலாம் என்றால் என்ன அர்த்தம் என்று தெரியாதவர்கள் யாரும் இல்லை. அக்கா அந்தச் செய்தியைத் திரும்ப எடுத்தாள். இதைச் செய்தது நீங்கள் இல்லையென்றால். நான் இல்லைதானே, என்று வாய்விட்டே சொன்னாள். சொல்லிவிட்டு அழுத்தினாள்.

சாயங்காலம் முதலாளி பாதி ஷட்டரை இறக்கிவிட்டுக் கணக்குப் பார்க்கும்போது செல்போன் அலறியது.

"அக்கா, என்னவோ ஆயிடுச்சு. அக்கவுண்ட் பூட்டிக்கிச்சு. இறக்கி வச்ச கேம்கூட ஒண்ணும் திறக்க மாட்டேங்குது. நாளையோட கடை மூடறாங்க. பழைய நம்பருக்குத்தான் ஓடிபி அனுப்பியிருக்கேன்னு காட்டுது. உனக்கு வந்திருக்கும் பாரு."

பார்த்தாள். வந்திருந்தது.

"அது என்னடா பழைய நம்பர்?"



"அக்கா, அதெல்லாம் அப்புறம் சொல்றேன். ஓடிபி..."

"வரலைங்களே சார்" என்றாள் அக்கா. "என் கண்ணுக்கு ஒண்ணும் தெரியல. நேர்ல வாங்க, வந்து நீங்களே பாருங்க. நாற்காலி போட்டு வைக்கறேன்."

சொன்ன அந்த நிமிஷம் சுகமாக இருந்தது. பொய் சொல்வானேன், அம்மா செத்த அன்றைக்கும் அந்த வார்த்தை அப்படித்தான் இருந்தது.

அப்போது பாப்பாவின் குரல் வந்தது. "ஓடிபி அத்தையா? அத்தை, படகு எப்ப வரும்? நான் எந்தப் பக்கம் துடுப்புப் போடணும்? இடதா, வலதா?"

அந்தக் குழந்தை என்ன செய்தது? அதன் கேமும்தானே அந்தப் பூட்டுக்குள் போய்விட்டது?

"நாலு" என்று அவசர அவசரமாக ஆரம்பித்தாள். "நாலு, ஏழு..."

தம்பி அதற்குள் வைத்துவிட்டிருந்தான்.

திரும்பக் கூப்பிட்டாள். எடுக்கவில்லை. இன்னொரு முறை கூப்பிட்டதற்கு மணி அடிக்கக்கூட இல்லை. அம்மா ரோஷத்தை மட்டும் இரண்டு பிள்ளைகளுக்கும் சரிபாதியாகப் பங்கு வைத்துவிட்டுப் போயிருந்தாள். அக்கா ஷட்டருக்கு அடியில் குனிந்து வெளியே வந்து, தெரு விளக்கின் கீழே நின்று, ஆறு இலக்கத்தையும் எழுதி, "வலது பக்கம்னு பாப்பாகிட்ட சொல்லு" என்றும் சேர்த்து அனுப்பினாள்.

அது போய்ச் சேரவில்லை. அவளுடைய எண்ணை அவன் தன் செல்போனிலும் நீக்கி பிளாக் பண்ணிவிட்டிருந்தான்.