உத்தரவில்லாமல் விழாதவர்கள்

லாஸ் கார்ஸாஸ் மேட்டில் பதினேழு நாள் நடந்த போரில் செத்த நாலாயிரத்து இருநூறு பேரில் ஒருவர்கூடக் கீழே விழவில்லை. சிவப்புக் கட்சிப் படையின் தளபதி ஜெனரல் எவாரிஸ்தோ கிஞோனெஸ் முதல் நாள் காலை குதிரை மேலிருந்து ஒன்றரை மணி நேரம் பேசி, "என் உத்தரவில்லாம ஒருத்தனும் மண்ணுல விழக்கூடாது!" என்று முடித்திருந்தார். எதிரே நீலக் கட்சியின் ஜெனரல் பிளாசிதோ பர்ராகானும், பேச்சில் தோற்கக்கூடாதென்று, தன் ஆட்களிடம் அதையே சொன்னார். குண்டு பட்டவர்கள் துப்பாக்கியும் கையுமாக நின்றவாறே செத்தார்கள். தளபதிகள் இருவரும் தூரக்கண்ணாடியில் பார்த்தார்கள். தன் அணியும் குறையவில்லை, எதிரி அணியும் குறையவில்லை. ஆகவே பின்வாங்கக் காரணமில்லை.

சிவப்புப் படையோடு சமைத்துப்போட வந்த தொமிதிலாவின் கணவன் அன்செல்மோ நான்காம் நாள் செத்தான். மக்காச்சோள ரொட்டியை வாயருகே நீட்டியபோதுதான் அவளுக்கு அது தெரிந்தது. புதைக்கலாமென்று ஆறு பெண்கள் சேர்ந்து இழுத்தும் அவன் சாயவில்லை. "என்னிக்காவது என் பேச்சைக் கேட்டிருப்பியா? அந்த மீசைக்காரன் சொன்னா மட்டும் கேப்பியோ?" என்று அவனைத் திட்டிவிட்டுத் தளபதியின் கூடாரத்துக்குப் போனாள்.

"ஐயா, என் வீட்டுக்காரரை மட்டும் விழச் சொல்லுங்க. புதைச்சிட்டுப் போயிடறேன்."

"ஒருத்தன் விழுந்தா எல்லாரும் விழுவாங்கம்மா. அப்புறம் நான் தோத்தவனாயிடுவேன்."

"இப்ப மட்டும் என்ன வாழுதாம்?"

"இப்ப வரிசை நேரா இருக்குல்ல?"

பதினேழாம் நாள் சுட ஆளில்லாமல் சத்தம் ஓய்ந்தது. தளபதிகள் இருவரும் தலைநகருக்கு வெற்றித் தந்தி அடித்தார்கள். பிறகு ஒரு நீராவிக் கப்பலில் கட்டித் தழுவிச் சமாதானம் ஆனார்கள். நாட்டின் தலைவிதியைத் தீர்மானித்த போர் என்று பாடப்புத்தகம் சொல்கிறது. என்ன தீர்மானம் என்று அதில் இல்லை.

ஒன்பது வருஷம் கழித்துத் தொமிதிலா தலைநகருக்கு நடந்தே போனாள். செனட்டராகியிருந்த கிஞோனெஸ் காப்பி கொடுத்து உபசரித்தார். "அந்தப் படையையே கலைச்சாச்சேம்மா. இல்லாத படைக்கு எப்படி உத்தரவு போடறது?" அடுத்த மழைக்காலத்தில் அவர் பட்டு மெத்தையில், யாரையும் கேட்காமல், படுத்தபடியே செத்தார். அதோடு, உத்தரவு போட இந்த உலகத்தில் ஆளில்லாமல் போயிற்று.

அவள் மேட்டுக்குத் திரும்பி, அன்செல்மோ பக்கத்தில் குடிசை போட்டாள். சட்டை கிழியக் கிழிய மாற்றிவிட்டாள். அவளுக்குப் பல்லெல்லாம் போன பிறகும் அவன் இருபத்திரண்டு வயசிலேயே நின்றான். அவள் செத்ததும் அவன் காலடியிலேயே குழி வெட்டிப் புதைத்தார்கள். இப்போது அந்தச் சரிவு முழுக்கக் காப்பித் தோட்டம். பழம் பறிக்கிறவர்கள் கூடையை அன்செல்மோவின் தோளில் மாட்டிவைக்கிறார்கள். நல்ல வாட்டமான உயரம் என்கிறார்கள்.