கால் திரும்பாத தெரு

எங்கள் ஊர் ஒரு கம்ப்யூட்டர் விளையாட்டுக்குள் இருக்கிறது. ரோமப் பேரரசின் ஏதோ ஒரு மூலையில், ஆற்றங்கரையில் ஆளுநர் கட்டிய ஊர். அவரை நாங்கள் யாரும் பார்த்ததில்லை. வானத்திலிருந்து வெள்ளை அம்பு ஒன்று இறங்கும். அது தட்டிய இடத்தில் சாலை முளைக்கும், வீடு முளைக்கும், பிடிக்காவிட்டால் இருந்த சுவடு தெரியாமல் போகும். அவர் எழுந்து சாப்பிடப் போனால் ஊரே அப்படியே நின்றுவிடும், தூக்கிய கால் தூக்கியபடி. இதையெல்லாம் நாங்கள் பெரிதுபடுத்துவதில்லை. மழை, வெயில் மாதிரி இதுவும் ஒன்று.

நுமெரியஸ் தீக்காவலன். பெரிய தெருவின் மேற்குக் கோடியில் அவனுடைய காவல்சாவடி. வாளியோடு கிளம்பித் தெருவெல்லாம் நடந்து சாவடிக்கே திரும்புவதுதான் அவன் வேலை. அவன் கடந்து போன வீட்டைக் கொஞ்ச காலத்துக்குத் தீ அண்டாது. அவன் போகாத வீட்டில் சூடு ஏறிக்கொண்டே இருக்கும், ஒரு நாள் பற்றிக்கொள்ளும். ஆனால் எந்தப் பக்கம் திரும்புவது என்பது அவன் கையில் இல்லை. தெரு பிரியும் இடத்தில் கால் தானாக ஒரு பக்கம் போகும், அவன் கூடவே போக வேண்டியதுதான். எங்கள் ஊரில் தெருவில் வேலை பார்க்கிற எல்லோருக்கும் இதே தலைவிதிதான்.

அவன் வரைக்கும் அது குறையாக இருந்ததில்லை. பெரிய தெரு கிழக்கே போய்க் குயவர் சந்தில் முட்டும். வேறு வழி கிடையாது. கால் எவ்வளவு முரண்டு பிடித்தாலும் அந்தச் சந்துக்குத்தான் போயாக வேண்டும். சந்தின் கடைசி வீட்டில்தான் அவன் மனைவி கல்வீனா இருந்தாள். அவன் வரும் நேரம் பார்த்து வாசலுக்கு வருவாள்.

"என்னய்யா, இன்னைக்காவது நிப்பியா?"

"கால்கிட்ட கேளு புள்ள."

"உன்னைக் கட்டுனதுக்கு அந்தக் கோயில் தூணைக் கட்டியிருக்கலாம். நின்ன இடத்துலயாவது நிக்கும்."

சொல்லிக்கொண்டே ஒரு அத்திப்பழத்தை அவன் வாயில் திணிப்பாள். அதற்குள் அவன் பக்கத்து வீட்டைத் தாண்டியிருப்பான். அவர்கள் குடும்பம் நடத்தியது அந்த நாலைந்து அடி தூரத்தில்தான், ஆனால் நன்றாகவே நடத்தினார்கள்.

அப்புறம் ஊருக்குள் சாப்பாட்டுத் தட்டுப்பாடு வந்தது. கோதுமை ஆற்றங்கரைக் கிடங்கில் கிடந்தது, வீட்டுக்கு வரவில்லை. ஒரு நாள் அம்பு வந்து கல்வீனாவைத் தொட்டது. அம்பு தொட்டால் பேசியே ஆக வேண்டும். அதுவும் ஊருக்கு எது நிலைமையோ அதுதான் வாயில் வரும், நம் மனதில் இருப்பது வராது. அவள் வாயில் வந்தது இதுதான்: "பசி தாங்கலைங்க ஐயா. பக்கத்துல ஒரு சந்தை வேணும்."

ஆளுநர் கேட்டுக்கொண்டார். கெட்ட மனிதர் இல்லை அவர், அதை நான் சொல்லியே ஆக வேண்டும். உடனே வடக்கே ஒரு சந்தையைப் போட்டார். குயவர் சந்தின் முனையிலிருந்து அதற்கு ஒரு புதுச் சாலையும் போட்டார். ரொட்டி வந்தது, ஆலிவ் எண்ணெய் வந்தது. குடிசைகள் எல்லாம் ஓட்டு வீடுகளாக மாறின. குயவர்கள் கல்வீனாவைத் தலையில் தூக்கி வைத்துக் கொண்டாடினார்கள். "உன் வாய் தங்க வாய் தாயி" என்றார்கள்.

சாலை போட்ட அன்று நுமெரியஸ் சந்து முனைக்கு வந்தான். முன்பு ஒரு வழி இருந்த இடத்தில் இப்போது இரண்டு வழி. அவன் கால் சந்தைப் பக்கம் திரும்பியது. மறுநாளும் அப்படியே. அதற்கடுத்த நாளும். சந்தைச் சாலை வழியாகச் சுற்றிச் சாவடிக்குப் போய்ச் சேர்ந்தது. தலையைத் திருப்பிப் பார்க்கத்தான் முடிந்தது, கல்வீனா வாசலில் நிற்பது தெரிந்தது.

கட்டடம் இடியாமல் பார்த்துக்கொள்கிற மெத்தியஸ், சுத்தியலோடு சுற்றுகிறவன், அவனுக்கு எப்போதாவது சந்துக்குள் கால் திரும்பும். எதிரே வரும்போது அவன்தான் சேதி சொல்லுவான்.

"டேய், உன் வீட்டுச் சுவர்ல கை வைக்க முடியலடா. ரொட்டி சுடலாம் போல இருக்கு."

"நான் என்னடா பண்ணட்டும்?"

"ஒரு எட்டு வந்துட்டுப் போ."

"வேணும்னா நீயே என் காலை வெட்டிக் கொண்டுபோய்ப் போடு!"

"கோவிச்சுக்காத. உன் பொண்டாட்டி கேட்டதைச் சொன்னேன்."

நுமெரியஸ் என்னென்னவோ செய்து பார்த்தான். சந்து முனையில் இருந்த கல்லைப் பிடித்துக்கொண்டான். கை வழுக்கிக்கொண்டு வந்துவிட்டது. தரையில் விழுந்து புரளலாம் என்று பார்த்தான். உடம்பு விழ மறுத்தது. அவமானத்தில் அவனுக்கு அழுகை வந்தது. தீயணைக்கிறவன் வீட்டுக்கே தீ வரப்போகிறது என்றால் யாருக்குத்தான் ஆத்திரம் வராது?

ஒரே ஒரு நம்பிக்கை மிச்சம் இருந்தது. அம்பு தன்னையும் ஒரு நாள் தொடும். அப்போது சொல்லிவிட வேண்டும். நடக்கும்போதெல்லாம் உதட்டுக்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டே நடந்தான்: குயவர் சந்துல ஒரு சாவடி போடுங்க ஐயா, குயவர் சந்துல ஒரு சாவடி போடுங்க.

தொட்டது. எண்ணெய்க் கடை முன்னால், ஊரே ரொட்டியும் ஒயினுமாகக் களித்துக்கொண்டிருந்த நேரத்தில், அம்பு அவன் தலைக்கு மேல் வந்து நின்றது. அவன் வாயைத் திறந்தான்.

"ஊரு செழிப்பா இருக்குங்க ஐயா. ஒரு குறையும் இல்ல."

பல்லைக் கடித்துக்கொண்டு இன்னொரு முறை முயன்றான். அம்பு நகர்ந்துவிட்டது.

தீ பிடித்தபோது அவன் சந்தைச் சாலையில் இருந்தான். கூரைகளுக்கு மேலே கறுப்புப் புகை எழுந்தது. குயவர் சந்துதான், சந்தேகமே இல்லை. பக்கத்தில் எரிந்தால் கால் தானாகவே ஓடும். இது எட்ட எரிந்தது, அதனால் கால் ஓடவில்லை. சந்தையை நோக்கி நிதானமாக நடந்தது. அவன் கத்தினான். வாளித் தண்ணீர் தளும்பிக் காலில் கொட்டியது.

அந்த நொடியில் ஊர் நின்றது. புகை நின்றது, சிந்திய தண்ணீர் அந்தரத்தில் நின்றது. ஆளுநர் நிறுத்தியிருக்கிறார். பார்த்துவிட்டார்! இமைகூட அசைக்க முடியாமல் நுமெரியஸ் அந்தப் புகையையே பார்த்துக்கொண்டு நின்றான். இப்போது சாவடி போடுவார், இதோ போடப்போகிறார் என்று நினைத்துக்கொண்டே நின்றான். எவ்வளவு நேரமோ. அம்பு இறங்கி வந்து சந்தை வாசலில் ஒரு பளிங்குச் சிலையை வைத்தது. சந்தைக்கு அழகாகத்தான் இருந்தது. ஊர் மறுபடி ஓடத் தொடங்கியது.

அவன் சுற்றி முடித்துப் பெரிய தெருவுக்கு வந்தபோது எதிரே குயவர்கள் வந்துகொண்டிருந்தார்கள். வீடு போனவர்களுக்கு எங்கள் ஊரில் இடமில்லை. கால் ஊர்வாசலை நோக்கித்தான் போகும். கூட்டத்தின் கடைசியில் கைவண்டியைத் தள்ளிக்கொண்டு கல்வீனா வந்தாள். முகமெல்லாம் கரி.

"கல்வீனா! அடி ஏதும் பட்டுச்சா?"

"இல்லய்யா. வீடுதான் போச்சு."

"நில்லு புள்ள, கொஞ்சம் நில்லு!"

"என் காலும் உன் கால் மாதிரி ஆயிருச்சு" என்று சிரிக்கப் பார்த்தாள். முடியவில்லை. "நான்தானே சந்தை கேட்டேன். என் வாயாலதானே போச்சு."

"நீ கேக்கல. அது நீ கேட்டது இல்ல!"

அவள் கையை நீட்டினாள். விரல்கள் தொட்டன. அதற்குள் அவன் கிழக்கேயும் அவள் மேற்கேயும் போய்க்கொண்டிருந்தார்கள்.

"எங்க போவ?" என்று திரும்பிக் கத்தினான்.

"தெரியலய்யா! வாசலுக்கு அந்தப் பக்கம் என்ன இருக்குன்னு யாருக்குத் தெரியும்?"

அது எங்களில் யாருக்கும் தெரியாது. போனவர்கள் வந்து சொன்னதில்லை.

சில நாளில் அம்பு குயவர் சந்துக்கு வந்தது. சாம்பலைத் துடைத்தது. கடைசி மனையில், கல்வீனாவின் வாசல் இருந்த அதே இடத்தில், புத்தம்புதிய தீக்காவல்சாவடி ஒன்றை வைத்தது. நுமெரியஸை அங்கே மாற்றினார்கள். "நல்ல காலம்டா உனக்கு" என்றான் மெத்தியஸ்.

ஊர்வாசல் வழியாகப் புதுக் குடும்பங்கள் மூட்டை முடிச்சோடு வந்து சேர்ந்தன. எதிர் மனையில் கூடாரம் அடித்த ஒருத்தி, குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு, சாவடியிலிருந்து வாளியோடு வெளியே வந்தவனைக் கேட்டாள்.

"அண்ணே, இந்தத் தெருவுல தீ கீ வருமா?"

"வராதும்மா" என்றான் நுமெரியஸ். "நான் தினமும் வருவேன்."