வெளியே பார்த்துத் திறக்கும் கதவு

பாண்டிச்செல்வி பிளைவுட்டில் செய்த கிணற்றில் தண்ணீர் ஊறியதால், சென்னையில் ஒரு சீரியலின் படப்பிடிப்பு இரண்டு நாள் நின்றுபோனது. மோட்டார் வைத்து இறைத்தார்கள். உப்புத் தண்ணீர் என்று பக்கத்துப் படப்பிடிப்புத் தளத்துக்காரர்கள் குறைப்பட்டார்கள். அடுத்த வருஷம் அவள் போட்ட போலீஸ் ஸ்டேஷன் செட்டுக்கு ஒருவர் ஆட்டைக் காணோமென்று புகார் கொடுக்க வந்தார். இன்ஸ்பெக்டராக நடித்தவர் மாலைக்குள் கண்டுபிடித்துக் கொடுத்தார். அவள் போடும் செட்டில் ஏதாவது ஒன்று நிஜமாகிவிடும். எது, எப்போது என்பது அவளுக்கே தெரியாது. சிவகாசியில் பட்டாசு லேபிளுக்குப் படம் வரைந்துகொண்டிருந்தவள் சினிமாவில் ஆர்ட் டைரக்டராகப் பேரெடுத்தது இப்படித்தான். தயாரிப்பாளர்கள் பயந்துகொண்டே கூப்பிட்டார்கள்.

போன தீபாவளி சீசனில் இயக்குநர் இராமகிருஷ்ணன், அவள் சொந்த ஊரான ஏழாயிரம்பண்ணையிலேயே பட்டாசு ஆலை செட் கேட்டார். கதைப்படி அது வெடிக்க வேண்டும். புகையும் தீயும் பிறகு கம்ப்யூட்டரில் சேர்ப்பார்கள். வெடிமருந்துக்குப் பதிலாகக் கோலமாவில் சாயம் கலந்து வைத்தாள். நடிக்க நிஜ ஆலைப் பெண்கள் நாலு பேரைப் பேசியிருந்தார்கள். வேனிலிருந்து முதலில் இறங்கியவள் அவளுடைய அம்மா வேலுத்தாய்.

நிஜ ஆலையில் வெடிமருந்து அறைக்கு, தீப்பிடித்தால் ஓட நாலு பக்கமும் வாசல் இருக்க வேண்டும். இயக்குநர் ஒன்றுதான் வைக்கச் சொல்லியிருந்தார். "நாலு இருந்தா தப்பிச்சிருவாங்கன்னு பார்க்கிறவனுக்குத் தெரிஞ்சிரும் மேடம்."

வேலுத்தாய் வாசலிலேயே நின்றுவிட்டாள். "ஏட்டி, மத்த வாசல் எங்க?"

"நடிப்புத்தானம்மா. உள்ள இருக்கது கோலமாவு."

"நீ வச்ச கோலமாவு. அதான் பயமா இருக்கு."

மற்ற பெண்கள் சிரித்தார்கள். ஆனால் ஒருத்தியும் உள்ளே கால் வைக்கவில்லை. வெயில் இறங்கிக்கொண்டிருந்தது, இயக்குநர் கத்தினார். கடைசியில், கேமராவுக்குத் தெரியாமல் சுவரின் நிறத்திலேயே மூன்று கதவுகளை வரைய ஒத்துக்கொண்டார். பாண்டிச்செல்வி அவசரமாக வரைந்தாள். வேலுத்தாய் கிட்டே வந்து பார்த்தாள்.

"மெட்ராஸ் போயி எல்லாம் மறந்துட்டியா? வீட்டுக் கதவுல்ல வரைஞ்சிருக்க. வெளிய பாத்துத் திறக்கணும். தாப்பாள அழி."

அழித்து, கீலை மாற்றி வரைந்த பிறகுதான் அவர்கள் உள்ளே போய் உட்கார்ந்தார்கள்.

கேமரா ஓடியது. பாண்டிச்செல்வி கோலமாவையும் கதவுகளையும் மாறி மாறிப் பார்த்தாள். எது முதலில் நிஜமாகுமோ? கொஞ்ச நேரத்தில் கந்தக வாடை வந்தது. "கட் சொல்லுங்க சார்!" என்று அலறினாள். "ரியலா இருக்கு, ஓடட்டும்" என்றார் அவர். நிஜ வாசல் பக்கம் இருந்த கோலமாவுச் சட்டியில் ஒரு பொறி தெறித்தது. அவள் ஓடிப் பாதி தூரம் போவதற்குள் செட் வெடித்து மேலே கிளம்பியது.

தீ அடங்கியதும் சாம்பலை வெறுங்கையால் கிளறினாள். அந்தப் பெண்கள் சோறு கொண்டுவந்த நாலு தூக்குவாளிகள் கிடைத்தன. ஆள் ஒருவரும் இல்லை. ஊரே கூடிவிட்டது. இயக்குநர் மண்ணில் உட்கார்ந்து தலையில் அடித்துக்கொண்டார்.

பொழுது சாயும் நேரத்தில் வெம்பக்கோட்டை அணைப் பக்கமிருந்து வந்த பஸ்ஸிலிருந்து நாலு பெண்களும் இறங்கினார்கள். சேலை முழங்கால்வரை நனைந்திருந்தது.

"நீ வரைஞ்ச கதவத் தள்ளுனா டேம் தண்ணிக்குள்ளயா விடுவ?" என்றாள் வேலுத்தாய். "கரையில விடப்படாது?" பாண்டிச்செல்வி கரிக் கையோடு அவளைக் கட்டிக்கொண்டு விடவேயில்லை. "சேலை கரியாகுதுட்டி" என்றாள் அம்மா.

மறுவாரம் வேலுத்தாய் வேலை பார்க்கும் கம்பெனியின் முதலாளி அய்யாதுரை பாண்டிச்செல்வியைத் தேடிக் காரில் வந்தார். அவருடைய மருந்து அறைகள் சிலவற்றில் இரண்டு வாசல்தான். "தாயி, மத்த வாசலை நீங்களே வரைஞ்சு குடுத்துருங்க. சுவத்தை இடிச்சா சீசன் போயிரும்."

"வரைஞ்சுருவோம் அண்ணாச்சி" என்றாள் பாண்டிச்செல்வி. "கதவு முந்துமா, மருந்து முந்துமான்னு எனக்குச் சொல்லத் தெரியாது. அதனால மொத நாள் நீங்க உள்ள உக்காருங்க. மருந்தும் பக்கத்துல இருக்கட்டும்."

அய்யாதுரை அங்கிருந்தே போன் போட்டு, கடப்பாரையோடு வரும்படி கொத்தனாரிடம் சொன்னார்.