பார்த்துக்கொள்ள வேண்டும்

பிள்ளையிடமிருந்து மாதம் எவ்வளவு வேண்டும் என்று ஜீவனாம்ச வழக்கில் நீதிபதி கேட்டதும் தையல்கார அம்மாவுக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது. “காசு யாருக்குங்க வேணும்? என்னைப் பாத்துக்கச் சொல்லுங்க, போதும்,” என்றாள். அவளுடைய வக்கீல் நெற்றியில் தட்டிக்கொண்டார். உத்தரவும் அப்படியே வந்தது: இளைய மகன் தினமும் மாலை ஐந்து மணி முதல் ஆறு மணி வரை தாயின் வீட்டுக்குச் சென்று தாயைப் பார்த்துக்கொள்ள வேண்டும்.

அவன் அச்சகத்தில் மெய்ப்புப் பார்த்துப் பிழை திருத்துபவன். எழுத்துக்கு எழுத்து, புள்ளிக்குப் புள்ளி என்று இருபது வருஷம் பார்த்துப் பழகிய கண். பிடிவாதத்தில் தாய்க்குத் தப்பாமல் பிறந்தவன். இருந்த ஒரே வீட்டை அவள் மூத்தவன் பேருக்கு எழுதிக் கொடுத்தாள்; மூத்தவன் அதை விற்றுவிட்டு வெளிநாட்டுக்குப் போய்விட்டான்; அவள் வாடகை வீட்டுக்குக் குடிபோனாள். அன்றோடு இளையவன் அவளை அம்மா என்று கூப்பிடுவதை நிறுத்தினான். ஒன்பது வருஷம் ஆகிறது. வழக்குப் போட்டதே அந்த ஒரு வார்த்தைக்காகத்தான் என்று வக்கீலிடம்கூட அவள் சொல்லவில்லை. வாய் நீளமே தவிர, மனசில் இருப்பது லேசில் வெளியே வராது அவளுக்கு.

முதல் நாள் சரியாக ஐந்து மணிக்கு வந்தான். நாற்காலியை இழுத்து அவளுக்கு எதிரே போட்டு உட்கார்ந்தான். பார்த்தான்.

“டீ போடட்டுமாடா? பிள்ளைங்கல்லாம் நல்லா இருக்காங்களா?”

அவன் கண் அவள் நெற்றியில் தொடங்கி, இடமிருந்து வலமாக, வரி வரியாக இறங்கிக் கால்விரலில் முடிந்தது. பிறகு மறுபடி நெற்றி. ஆறு அடித்ததும் எழுந்து போனான்.

இரண்டாம் வாரம் கண்ணாடி டம்ளர் அவள் கை தவறி விழுந்து உடைந்தது. பாதத்தில் ரத்தம். அவன் கண் அந்த இடத்தில் ஒரு கணம் நின்று, பிழையைக் குறித்துக்கொண்டு, அடுத்த வரிக்குப் போய்விட்டது. அன்றிலிருந்து அவன் போன பிறகும் யாரோ தன்னை வாசித்துக்கொண்டிருப்பதாக உடம்பு கூசியது.

நீதிமன்றக் குமாஸ்தாவிடம் ஓடினாள்.

“உங்க பிள்ளை வந்து பாத்துக்கறாரா இல்லையாம்மா?”

“பாக்கறான் ஐயா. பாத்துக்கிட்டே இருக்கான்.”

“அப்புறம் என்னம்மா குறை?”

வேறு வழியில்லாமல் மனசில் இருந்ததைப் போட்டு உடைத்தாள். “அம்மான்னு கூப்பிட மாட்டேங்கறான் ஐயா.”

குமாஸ்தா தானே உட்கார்ந்து திருத்த மனு எழுதிக் கொடுத்தார். பதினைந்தே நாளில் நீதிபதி ஒரு வரி சேர்த்தார்: அந்த ஒரு மணி நேரமும் தாயை அம்மா என்று அழைக்க வேண்டும்.

மறுநாள் தலைவாரிக்கொண்டு காத்திருந்தாள். வந்தான், உட்கார்ந்தான்.

“அம்மா.”

அவளுக்குக் கண் நிறைந்துவிட்டது. “என்னடா ராசா?”

“அம்மா,” என்றான் மறுபடி. “அம்மா. அம்மா. அம்மா.”

அச்சகத்தில் மெய்ப்போடு ஒப்பிட மூலப்படியை உரக்க வாசிக்கிற குரல் அது. ஏற்றமும் இல்லை, இறக்கமும் இல்லை. ஆறு அடிக்கும்வரை சொல்லிவிட்டு எழுந்து போனான்.

மூன்று நாள் தாங்கினாள். நாலாம் நாள் உள்ளே தாழ்ப்பாள் போட்டு, காதைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்தாள். ஐந்து மணிக்குக் கதவுக்கு வெளியே ஆரம்பித்தது. அவள் எழுந்திருக்கவில்லை. ஒருவழியாக ஆறு அடித்தது. அப்பாடா என்று கையை எடுத்தாள்.

“அம்மா.”

ஆறு மணிக்கு மேல் கூப்பிடச் சொல்லி எந்த உத்தரவும் இல்லை. கதவில் காதை வைத்துக் கேட்டாள். ஒன்பது வருஷம் ஏங்கிய காதுக்கு, எது வாசிப்பது, எது கூப்பிடுவது என்று பிரித்துச் சொல்லத் தெரியவில்லை.

“நீதானாடா?” என்றாள்.

“அம்மா.”

கை தாழ்ப்பாள்வரை போய்விட்டது. பெற்ற பிள்ளைக்குக் கதவைத் திறக்க அவளுக்குப் பயமாக இருந்தது.