மூன்றாவது குரலுக்கு ஓம்

கம்பனிக்காரனுக்கு என்ன வந்தது! "மிகுந்த மனவருத்தத்தோடு எமது சேவையை நிறுத்துகிறோம்" என்று ஒரு மின்னஞ்சல். ஆடு நனைகிறதென்று ஓநாய் அழுத கதைதான். இணைய விளையாட்டுப் பழையது, விளையாடுகிறவர்கள் குறைந்து போனார்கள், அதை நடத்தும் சேவர் கம்ப்யூட்டரை ஓட்டுவது நட்டம், இழுத்து மூடிவிட்டார்கள். கல்லடி என்ற ஊரில், வாவிக்கரை வீடொன்றில் இருந்த ஒருத்திக்குத் தன் புருஷனின் குரல் அந்தச் சேவரில்தான் மிச்சமாக இருந்தது என்று அவர்களிடம் யார் போய்ச் சொல்வது?

அவள் பெயர் சுலோஜனா. புருஷன் நிலோஜன். ஏறாவூரில் ஷிஹானோடு கூட்டாகக் கம்ப்யூட்டர் திருத்தும் கடை வைத்திருந்தவன். பகலெல்லாம் கடை, பின்னேரமானால் தோணி. தகப்பன் வாவியில் மீன்பிடித்து வளர்த்த பிள்ளை, தண்ணியை விட்டு இருப்பானா? இரண்டு வருடத்துக்கு முன் ஒரு மாரிப் பின்னேரம் இறால் பிடிக்கப் போனான். விடிய, தோணி மட்டும் கரையோரச் சதுப்பில் கண்ணாப் பற்றைக்குள் செருகிக் கிடந்தது. ஊரே இறங்கித் தேடியது. ஆளும் இல்லை, உடலும் இல்லை.

அவனுடைய ஃபோன் அவனோடு போனது. அவளுடைய ஃபோன் அதே மாரி வெள்ளத்தில் நனைந்து செத்தது. கலியாண வீடியோவில் அவன் வாயே திறக்கவில்லை, மேளச் சத்தம்தான் கேட்கும். பேசத் தெரிந்த மனுசன், அன்றைக்குப் பார்த்துக் கொழுக்கட்டையை அடைத்துக்கொண்டவன் மாதிரி நின்றிருக்கிறான்! மிஞ்சியது 'அலைத்தீவு' என்ற அந்த விளையாட்டு ஒன்றுதான். அதில் ஆளுக்கொரு தீவு, ஒரு வீடு, ஒரு தோணி. இன்னொருவரைத் தோணிக்குக் கூப்பிட வேண்டுமென்றால் மணியை அடிக்க வேண்டும். மணியோடு சேர்த்துச் சொந்தக் குரலையும் பதிந்து வைக்கலாம். நிலோஜன் பதிந்து வைத்திருந்தது இதுதான்: "சுலோ… வாறியா?"

இரண்டு வருடமும் சுலோஜனா செய்து வந்த வேலையைக் கேட்டால் சிலருக்குச் சிரிப்பு வரும். அவனுடைய பழைய கம்ப்யூட்டரில் அவன் பெயரில் உள்ளே போவாள். தன்னுடைய மடிக்கணினியில் தன் பெயரில் போவாள். அங்கே மணியை அடித்துவிட்டு, இங்கே ஓடி வந்து உட்கார்ந்து கேட்பாள். அவளே கூப்பிட்டு, அவளே கேட்டு, அவளே அழுவாள். சிரிக்கிறவர்கள் சிரிக்கட்டும். ஊர் வாயை உலைமூடியால் மூட முடியுமா?

கேட்பாளே தவிர, வருகிறேன் என்பதற்கான 'ஓம்' பொத்தானை ஒரு நாளும் அழுத்தியதில்லை. அதற்கொரு காரணம் உண்டு. வாவியில் தொழில் செய்கிறவர்களிடம் ஒரு கட்டுப்பாடு இருக்கிறது. தண்ணிப் பக்கத்திலிருந்து யாராவது பெயர் சொல்லிக் கூப்பிட்டால் உடனே வாய் திறக்கக் கூடாது. மூன்றாவது குரலுக்குத்தான் ஓம் சொல்ல வேண்டும். உயிருள்ளவன் மூன்று தரமும் கூப்பிடுவான். மற்றது மூன்றாம் தரம் கூப்பிடாது. முந்திக்கொண்டு ஓம் சொன்னவன் அதன் பின்னால் போக வேண்டியதுதான்; ஓம் கிடைத்த பிறகு அது எத்தனை தரமும் கூப்பிடும். நிலோஜன் கலியாணத்துக்கு முன்பு அவள் வீட்டுக்குப் பின்னால் தோணியைக் கொண்டுவந்து நிறுத்தி, கம்பால் படிக்கல்லில் இரண்டு தட்டுத் தட்டி, "சுலோ… வாறியா?" என்பான். இவள் வேண்டுமென்றே பேசாமல் இருப்பாள். மூன்றாவது தரம் அவன் சலித்துக்கொண்டு கூப்பிட்ட பிறகுதான், "ஓம், வாறன்" என்று சிரித்துக்கொண்டு வெளியே வருவாள். கலியாணம் முடிந்தும் அந்த விளையாட்டு நிற்கவில்லை. பாவம், அவனை எத்தனை தரம் கூப்பிட வைத்திருப்பாள்.

சேவர் மூடிய பிறகு திரையில் ஒரே ஒரு வரிதான் வந்தது: 'சேவையுடன் இணைக்க முடியவில்லை.' சுலோஜனா ஷிஹானைக் கூப்பிட்டு அனுப்பினாள்.

அவன் வெள்ளிக்கிழமை ஜும்ஆத் தொழுகை முடித்துத் தொப்பியோடேயே வந்து இறங்கினான். கூட்டாளி போனதிலிருந்து அந்த வீட்டுக்கு என்ன தேவையென்றாலும் முதலில் நிற்கிறவன் அவன்தான். வெளிநாட்டில் இந்த விளையாட்டில் பைத்தியமான சிலர், கம்பனியின் சேவருக்குப் பதிலாகத் தாங்களே ஒன்று எழுதி இலவசமாக விட்டிருந்தார்கள். அதை நிலோஜனின் பழைய கம்ப்யூட்டரில் ஏற்றினான். விளையாட்டு வழக்கமாகத் தேடிப் போகிற விலாசத்தைத் திருப்பி, வெளியே போகாமல் அந்த மிசினிடமே வந்து கேட்கும்படி செய்தான். குரலும் அதோடு சேர்ந்து இறங்கிவிடும் என்று நம்பி, மூடுவதற்கு முந்தின நாள் சுலோஜனா இறக்கி வைத்திருந்த நிலோஜனின் தீவையும் அதற்குள் போட்டான்.

"அக்கா, முன்னுக்கே சொல்லிப்போடுறன்," என்றான். "தீவு வரும், வீடு வரும், தோணி வரும். குரல் வராது. அது கம்பனிக்காரன்ட மிசின்ல கிடந்த சாமான். அழிச்சிட்டானுகள்."

"வேற வழி ஒண்டும் இல்லையா தம்பி?"

"அல்லாஹ் அறிய இல்லக்கா. இரிந்தா நான் செய்யாம இரிப்பனா?"

அவள் தலையை ஆட்டினாள். ஷிஹான் அவள் பெயரை மட்டும் புதிதாகப் பதிந்தான். "நிலோட பேரைப் போடல்லக்கா, எனக்கு மனம் வரல்ல," என்று சொல்லிவிட்டு, கொடுத்த தேத்தண்ணியைப் பாதியோடு வைத்துவிட்டுப் போனான்.

அந்தக் கிழமைதான் சித்தாண்டியிலிருந்து மாமி அன்னப்பூரணியும் வந்து சேர்ந்தாள். நிலோஜனைப் பெற்றவள். வந்த காலோடு முற்றத்தில் நின்றே தொடங்கிவிட்டாள்.

"புள்ள, நான் உன்னோட சண்டைக்கு வரல்ல. என்ட மகன் ரெண்டு வருஷமா ஒரு சொட்டுத் தண்ணி குடுக்க ஆளில்லாமத் திரியிறான். தர்ப்பையில உருவம் செஞ்சு எரிப்பம். செய்ய வேண்டியதச் செஞ்சு அனுப்பி வைப்பம்."

"அவர் செத்தத நீங்க கண்டயளா மாமி?"

"நீ அவன் இரிக்கிறதக் கண்டயா புள்ள?"

இரண்டு பேர் பக்கமும் நியாயம் இருந்தது. சுலோஜனா நெற்றியில் பொட்டும் கழுத்தில் தாலியுமாகத்தான் இருந்தாள். ஊர், கலியாணங்களுக்கு அவளை அழைப்பதா விடுவதா என்று தெரியாமல் விழித்தது. ஆற்றில் ஒரு கால், சேற்றில் ஒரு கால் என்று அவள் நின்ற நிலை அவளுக்கே வெறுத்துப் போயிருந்தது. இரண்டில் ஒன்று தெரிந்தால் போதும். உயிரோடு இருக்கிறானென்றால் காத்திருக்கலாம். இல்லையென்றால் அழுது தீர்க்கலாம்.

மறுநாள் உச்சிப் பொழுது. காற்றே இல்லை. வாவி ஈயத்தை உருக்கி ஊற்றியது போல அசையாமல் கிடந்தது. மாமி குசினிக்குள் அடுப்படியோரம் பாய் போட்டுப் படுத்திருந்தாள். சுலோஜனா மடிக்கணினியில் அலைத்தீவுக்குள் போனாள். அவளைத் தவிர அங்கே யாரும் இல்லை. இருக்கவும் முடியாது. அந்த உலகமே அடுத்த அறையில் இரைந்துகொண்டிருந்த பழைய பெட்டி ஒன்றுக்குள்தான் இருந்தது. நிலோஜனின் தீவில் அவன் கட்டிய வீட்டுத் திண்ணைப் பலகையில் தன் உருவத்தை உட்கார வைத்துவிட்டுக் கடலைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

மணி அடித்தது.

"சுலோ… வாறியா?"

அதே குரல், கடைசியில் அந்தச் சின்ன இழுப்பு. திரையில் இரண்டு பொத்தான்கள் வந்து நின்றன. ஓம், இல்லை. அவளுடைய விரல் ஓமுக்கு மேலே போனது.

அழுத்தவில்லை. உண்மையை அறிய வழி கண்டுபிடித்துவிட்டேன் என்று மனம் துள்ளியது. இதைவிட வேறு சாட்சி எதற்கு? உயிரோடு இருந்தால் மூன்று தரம் கூப்பிடுவான். கூப்பிடட்டும்! பல்லைக் கடித்துக்கொண்டு காத்திருந்தாள். சற்று நேரத்தில் பொத்தான்கள் தாமாகவே மறைந்தன. இரண்டாவது குரல் வரவில்லை.

அவள் சொன்னதைக் கேட்டு ஷிஹான் ஓடி வந்து எல்லாவற்றையும் புரட்டிப் பார்த்தான். குரல் என்று ஒரு துண்டு அந்த மிசினில் எங்கும் இல்லை. நிலோஜனின் பெயரும் இல்லை. அவன் முகம் வெளுத்துவிட்டது.

"அக்கா, நீங்க ஆசையில கேட்டிரிப்பீங்க."

"எனக்கு அவர்ட குரல் தெரியாதா ஷிஹான்?"

"அப்பிடியெண்டா இத நிப்பாட்டுவம். சும்மா சொல்லல்லக்கா, எனக்குப் பயமாயிரிக்கி."

அவள் நிறுத்தவில்லை. அன்றும் காத்திருந்தாள், அதன் பின்னும் காத்திருந்தாள். சோறு ஆறியது, முற்றம் கூட்டாமல் கிடந்தது, திரைக்கு முன்னாலேயே கண் அயர்ந்தாள். ஒரு முணுமுணுப்புக்கூட இல்லை. தன் வாயால் தனக்கே சொல்லிப் பார்த்தாள்: மற்றது மூன்றாம் தரம் கூப்பிடாது. கூப்பிட்டது ஒரு தரம்தான். அப்படியென்றால் கூப்பிட்டது யார்?

குசினிக்குப் போய் மாமியின் காலடியில் உட்கார்ந்தாள். குரல் வந்ததையும் காத்திருந்ததையும் ஒன்றுவிடாமல் சொன்னாள்.

"ஒருக்காத்தான் கூப்பிட்டார் மாமி. மறுகா கூப்பிடல்ல."

அன்னப்பூரணி தண்ணித் தொழிலாளியின் பெண்சாதி. இது பைத்தியமா என்று அவள் கேட்கவில்லை. மருமகளின் தலையை மடியில் இழுத்து வைத்துக்கொண்டு, வீடு அதிர ஒப்பாரி வைத்தாள். இரண்டு வருடமாக அடைத்து நின்ற அழுகை இரண்டு பேருக்கும் அன்றைக்குத்தான் உடைத்துக்கொண்டு வந்தது.

செய்ய வேண்டியதையெல்லாம் முறையாகச் செய்தார்கள். வாவிக்கரையில் ஐயர் தர்ப்பையில் உருவம் செய்து நெருப்பு வைத்தார். சுலோஜனா தாலியைக் கழற்றி அதன் மேல் போட்டாள். சாம்பலைத் தண்ணியில் கரைத்தார்கள். அந்தியேட்டிக் கிரியை முடிந்து, அவனுக்குப் பிடித்த இறால் பிரட்டலும் முருங்கைக்கீரைச் சுண்டலும் வைத்து வாழையிலையில் படைத்தார்கள். ஷிஹானும் வந்து ஓரமாக நின்று கண்ணைத் துடைத்தான். வந்த சனம் சாப்பிட்டுவிட்டு, "இனியாவது அந்தப் புள்ள நிம்மதியா இரிக்கட்டும்," என்று சொல்லிப் போனது. உண்மையாகவே சுலோஜனாவுக்கு நெஞ்சு இலேசாகத்தான் இருந்தது.

அடுத்த நாள் பகல், பழைய கம்ப்யூட்டரை ஷிஹானிடம் கொடுத்துவிடலாமென்று முடிவெடுத்தாள். நிறுத்துவதற்கு முன் அவன் கட்டிய வீட்டை ஒரு தரம் பார்க்கத் தோன்றியது. பார்த்தால் என்ன குறைந்துவிடும்? மடிக்கணினியைத் திறந்தாள். மாமி பின்பக்கக் குசினியில் மீன் குழம்பு காய்ச்சிக்கொண்டிருந்தாள். வெயில் உச்சிக்கு ஏறியிருந்தது. அதே தீவு, அதே பலகை.

மணி அடித்தது.

"சுலோ… வாறியா?"

இந்தத் தரம் குரலில் ஒரு களைப்பு இருந்தது. வெகு தூரம் கம்பு ஊன்றி வந்தவனின் களைப்பு.

சுலோஜனாவின் கை வெறும் கழுத்துக்குப் போனது. ஐயோ, என்ன காரியம் செய்தோம்! இரண்டாவது குரல். ஒரு தரம்தான் கூப்பிட்டான் என்றல்லவா நெருப்பு வைத்தோம்? இன்னும் ஒன்று இருக்கிறதா? மூன்றாவதும் வருமா? இன்னுமொரு தரத்துக்குப் பேசாமல் இருந்தால் தெரிந்துவிடும். கட்டுப்பாடு அவளுக்குத் தெரியாததல்ல. பல்லைக் கடித்துக்கொண்டு அவளால் இருந்திருக்கவும் முடியும். ஆனால் சென்ற தரம் இப்படிக் காத்திருந்துதானே அவனைப் போகவிட்டாள்? படிக்கல்லடியில் சலித்துக்கொண்டு நின்ற அந்த முகம் அவள் கண்ணுக்குள் வந்தது. செத்தவனோ இருப்பவனோ, அவன் இனிக் களைக்கக் கூடாது.

"உங்கள இனி மூண்டு தரம் கூப்பிட வைக்கமாட்டன்," என்று வாய்விட்டுச் சொன்னாள். "ஓம். வாறன்."

பொத்தானை அழுத்தினாள்.

திரையில் தோணி வந்து கரையில் நின்றது. முன்பக்கம் அவள் ஏறுவதற்கு இடம் விட்டிருந்தது. பின்பக்கத்தில் யாரும் இல்லை, ஆனால் அந்தப் பக்கம் பாரத்தில் தாழ்ந்திருந்தது. அடுத்த அறையில் பழைய கம்ப்யூட்டரின் இரைச்சல் சட்டென்று நின்றது. மின்சாரம் போய்விட்டதா என்று அண்ணாந்து பார்த்தாள். தலைக்கு மேலே காற்றாடி சுற்றிக்கொண்டுதான் இருந்தது.

அப்போது வீட்டுக்குப் பின்னால், வாவிப் பக்கம், படிக்கல்லில் கம்பு இரண்டு தட்டுத் தட்டியது.

"சுலோ… வாறியா?"

குசினியில் அகப்பை விழுந்த சத்தம் கேட்டது. அன்னப்பூரணி கதவடிக்கு வந்து நின்றாள். முகத்தில் பயம் பாதி, ஆசை பாதி. கண் மட்டும் பளபளவென்று இருந்தது.

"புள்ள, கேட்டயா? என்ட மகன்ட குரல்! இது எத்தினையாவது?"

"மூண்டாவது மாமி."

"மூண்டாவதா? என்ட முருகா! அப்பிடியெண்டா அவன் இரிக்கான்!" என்று இரண்டு அடி பின்கதவை நோக்கி எடுத்து வைத்தவள், அங்கேயே நின்றுவிட்டாள். மெல்லத் திரும்பினாள். திரையில் நின்ற தோணியைப் பார்த்தாள், மருமகளின் முகத்தைப் பார்த்தாள்.

"புள்ள," என்றாள், குரல் இறங்கிப்போய். "இதுக்கு முன்ன நீ ஓம் சொல்லல்லத்தானே?"

சுலோஜனாவின் பார்வை திரையில் ஓம் பொத்தான் இருந்த இடத்துக்குப் போனது. பின்னால், தோணியின் மூக்கு கரையில் மெல்ல முட்டுவது இரண்டு பேருக்கும் கேட்டது.