மக்தரா என்று கூப்பிட்டால்

என் மகனுக்கு மூன்று வாரமாகப் பெயர் இல்லை. கால்வே நகர ஆஸ்பத்திரியில் அவன் கையில் கட்டிய பட்டையில் 'ஆண் குழந்தை' என்று எழுதி அனுப்பினார்கள். வீட்டுக்கு வந்த பிறகும் அவன் வெறும் ஆண் குழந்தையாகவே இருந்தான். ஊர் வாயை மூட உலைமூடி ஏது? எங்கள் ஊர் கார்னாவில் கடைக்கு ரொட்டி வாங்கப் போனால், "என்ன பாபீன், உன் பையன் பேரு இன்னும் தபால்ல வந்துக்கிட்டிருக்கா?" என்று கேட்டுவிட்டுத்தான் சில்லறை கொடுத்தார்கள்.

பெயர் எனக்கு ஆறு மாதமாகத் தெரியும். இரண்டு பிள்ளைகள் வயிற்றில் தங்காமல் போன பிறகு, மூன்றாவது தங்கினால் உன் பெயரையே வைக்கிறேன் என்று புனிதர் மக்தராவிடம் நேர்ந்துகொண்டேன். தங்கியது. பிறந்தது. நாலு கிலோ. ஆஸ்பத்திரியில் டப்ளின்கார நர்ஸ் ஒருத்தி, "இது பேரா, குடும்பப் பேரா? நான் கேள்விப்பட்டதே இல்லையே" என்றாள். எங்கள் ஊர்க் கடைவாசலில் நின்று மக்தரா என்று ஒரு குரல் கொடுத்தால் நான்கு ஆண்கள் திரும்புவார்கள், ஒரு நாயும் திரும்பும். முப்பது மைல் தள்ளிப் போய்விட்டால் அந்தப் பெயர் யாருக்கும் தெரியாது.

மக் என்றால் மகன், தரா என்றால் ஓக் மரம். ஓக்கின் மகன் என்று அர்த்தம் சொல்வார்கள். எங்கள் படகுகளின் விலா எலும்பும் ஓக்தான், அதனால் இந்தக் கரையில் அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது என்று நானாக நினைத்துக்கொள்வேன். புனிதருக்கு இன்னொரு பெயர் இருந்ததாம், யாரும் அதைச் சொல்லிக் கூப்பிடுவதில்லை. தரா என்கிறவரின் மகன், அவ்வளவுதான். எங்கள் ஊர் வழக்கமும் அதுதானே, அப்பன் பெயரும் தாத்தா பெயரும் வாலாகச் சேர்ந்தால்தான் இங்கே ஆள் முழுசு. என் புருஷன் பார்ட்லி கீரான், அதாவது கீரானின் மகன் பார்ட்லி.

அந்த பார்ட்லிதான் பெயர் வைக்க விடவில்லை.

"கீரான்னு வைப்போம். மூத்த பையனுக்கு அப்பாவோட அப்பா பேருதான் வழக்கம்."

"வழக்கம்தான். ஆனா நான் நேர்ந்துகிட்டாச்சே."

"என்னைக் கேட்டா நேர்ந்துகிட்ட?"

"வலி உன்னைக் கேட்டுக்கிட்டா வந்துச்சு?"

அவன் தார் வாளியை எடுத்துக்கொண்டு படகுக் கொட்டகைக்குப் போய்விட்டான். நீர்க்காகம் என்று ஒரு கறுப்புப் பாய்மரப் படகு எங்களுக்கு உண்டு. வருஷா வருஷம் கோடையில் அதற்குத் தார் பூசுவான், கயிறு மாற்றுவான், பாயை வெயிலில் விரித்து உலர்த்துவான். ஒன்பது வருஷமாக அதைத் தண்ணீரில் மட்டும் இறக்கியதில்லை. மோட்டார் படகில் கிழக்கே போய்ச் சிங்கி இறால் பிடித்துக்கொண்டு வருவான். மேற்கே, புனிதரின் தீவு இருக்கும் பக்கம், தலைவைத்துக்கூடப் படுப்பதில்லை.

அவன் தம்பியின் பெயர் மக்தரா.

நல்ல பையன். ஒரு கல்யாணத்தில் என்னோடு மூன்று ஆட்டம் ஆடிவிட்டு, "எனக்கு மூச்சு வாங்குது, எங்கண்ணன் சும்மாதான் நிக்கிறான்" என்று என்னை பார்ட்லியின் கையில் பிடித்துக் கொடுத்தவன். மூச்சு வாங்கவெல்லாம் இல்லை. வாயைத் திறக்கவே கூச்சப்படும் அண்ணனுக்காகச் செய்தது. அவன் போன நாளிலிருந்து பார்ட்லி அந்தப் பெயரைச் சொன்னதில்லை. ஊரில் இருக்கிற மற்ற மக்தராக்களையும், "ஷேமஸ் பையன்", "அந்த உயரமானவன்" என்று சுற்றி வளைத்துத்தான் சொல்வான்.

நடந்தது இதுதான். எங்கள் கரையில் எந்தப் பாய்மரப் படகும் புனிதரின் தீவைத் தாண்டும்போது மூன்று முறை பாயைத் தாழ்த்தி ஏற்றும். அது அவருக்கு வணக்கம். காற்று எப்படி இருந்தாலும், அவசரம் எதுவானாலும் செய்ய வேண்டும். ஜூலை பதினாறு அவருடைய திருநாள். தீவில் பூசை, பிறகு படகுப் போட்டி. ஒன்பது வருஷம் முன்னால் அந்தப் போட்டியில் பார்ட்லி சுக்கான் பிடித்தான், தம்பி முன்னால் கயிற்றருகே நின்றான். எங்கள் ஊர் மார்கஸ் ருவாவின் படகு பின்னால் ஒட்டிக்கொண்டே வந்தது. தீவு வந்தபோது தம்பி பாய்க்கயிற்றில் கை வைத்தான். "தொடாதே, திரும்பி வரும்போது தாழ்த்திக்கலாம்" என்று பார்ட்லி கத்தினான். தம்பி சிரித்துவிட்டுக் கையை எடுத்துவிட்டான். அன்று மாலை திரும்பும்போது திடீரென்று வீசிய காற்றில் பாயின் கீழ்க்கட்டை சுழன்று தம்பியின் தலையில் அடித்து அவனைக் கடலில் தள்ளியது. மூன்றாம் நாள் மணலில் கிடைத்தான்.

இதை பார்ட்லி என்னிடம் மட்டும்தான் சொல்லியிருக்கிறான். குளிர்காலத்துக்கு ஒரு முறை, சொல் மாறாமல், அடுப்பைப் பார்த்தபடி சொல்வான். நான் சமாதானம் சொல்லிச் சொல்லி ஓய்ந்துவிட்டேன். நான் மலைப்பக்கத்துப் பெண், ஆடு மேய்க்கிற குடும்பம். எங்கள் ஆடுகள் எந்தப் புனிதருக்கும் தலை வணங்கியதில்லை. கடற்கரைக்காரனின் குற்ற உணர்ச்சியை எந்தப் பக்கம் பிடித்து இழுப்பது என்று எனக்குப் பிடிபடவே இல்லை.

திருநாளுக்கு நான்கு நாள் இருக்கும்போது பாதிரியார் ஆள் அனுப்பினார். திருநாள் முடிந்த ஞாயிற்றுக்கிழமை ஞானஸ்நானம், பெயர் வேண்டும் என்று. அன்று சாயங்காலம் மறுபடி சண்டை.

"அந்தப் பேரைச் சொல்லி நான் எப்படிடி அவனைக் கூப்பிடுவேன்?" என்றான் பார்ட்லி. "கூப்பிட்டா பதில் வராது, பாபீன். அன்னிக்கு ராத்திரி முழுக்க கரையில நின்னு கூப்பிட்டேன். பதிலே வரல."

ஆனாலும் விட்டுக்கொடுக்க மனம் வரவில்லை. அவன் வழக்கம்போல முழுக் கதையையும் சொல்லத் தொடங்கினான். நான் பிள்ளைக்குப் பால் கொடுத்துக்கொண்டே கேட்டேன்.

"...தீவோட மேற்கு முனையில நீர்க்காகம் திடீர்னு கனத்துப்போச்சு. காத்து அப்படியேதான் இருந்துச்சு. மார்கஸ் ஒரு படகு நீளம் முந்திட்டான்."

ஒன்பது குளிர்காலம் கேட்ட வரிதான். அன்றைக்குத்தான் என் காதில் விழுந்தது.

"காத்து அப்படியே இருந்தா படகு ஏன் கனத்துச்சு?"

"புனிதர் பிடிச்சு இழுத்தாரு. நான் தாழ்த்தலையே."

"எங்க ஊர்ல வண்டி மெதுவாப் போனா சக்கரத்துல யார் கட்டையைப் போட்டதுன்னு பார்ப்போம். புனிதர் மேல பழி போட மாட்டோம்."

அவன் முறைத்தான்.

மறுநாள் காலை பிள்ளையைச் சால்வையில் சுற்றிக்கொண்டு படகுத்துறைக்குப் போனேன். மார்கஸ் ருவா இறால் கூடை பின்னிக்கொண்டிருந்தார். ருவா என்றால் செம்பட்டைத் தலை, இப்போது தலையில் ஒரு செம்பட்டை முடிகூட இல்லை. ஒன்பது வருஷமாக அவரும் பார்ட்லியும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்ப்பதில்லை. கோயிலில் ஒருவர் வலது பக்கம், ஒருவர் இடது பக்கம்.

"வா ஆட்டுக்காரி. பேரில்லாத பையனையும் கூட்டிட்டு வந்துட்டியா?"

"பேரு விஷயமாத்தான் வந்தேன். அன்னிக்கு மேற்கு முனையில எப்படி முந்தினீங்க?"

அவர் முகத்தில் ஈயாடவில்லை. கூடையைக் கீழே வைத்தார்.

"அதை ஏன் இப்பக் கேக்குற? போட்டியில ஜெயிச்ச கோப்பை வேணும்னா எடுத்துட்டுப் போ. அது எனக்கு என்னிக்குமே வேண்டாம்."

"கோப்பை யாருக்கு வேணும்? எம்புருஷன் பாயைத் தாழ்த்தலைன்னு ஒன்பது வருஷமா செத்துக்கிட்டிருக்கான். தம்பியை நான்தான் கொன்னேன்கிறான்."

மார்கஸ் என்னை வெறித்துப் பார்த்தார்.

"தாழ்த்தலையா?" என்றார். "யாரு சொன்னா தாழ்த்தலைன்னு?"

அவர் சொல்ல வந்ததை அங்கேயே சொல்லி முடிக்க நான் விடவில்லை. பாதிப் பேச்சில் அவர் சட்டைக் கையைப் பிடித்து, "வீட்டுக்கு வந்து அவன்கிட்ட சொல்லுங்க" என்று இழுத்துக்கொண்டு வந்தேன். எழுபது வயது மனுஷன், ஒரு வார்த்தை எதிர்த்துப் பேசாமல் என் பின்னால் நடந்தார்.

பார்ட்லி தேநீர் குடித்துக்கொண்டிருந்தான். அவரைப் பார்த்ததும் எழுந்து நின்றான். மார்கஸ் உட்காரவில்லை, தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார்.

"பார்ட்லி, நீ அன்னிக்குத் திரும்பி என் படகையே பார்த்துக்கிட்டிருந்த. முன்னால பார்க்கல. பெரிய பாய் உனக்கு மறைச்சுக்கிட்டு நின்னுச்சு. எனக்குப் பக்கவாட்டுல எல்லாம் தெரிஞ்சுது. பெரிய பாயைத் தொடாதேன்னு நீ கத்துன. அவன் தொடல. முன்பாயைத் தாழ்த்தினான்."

பார்ட்லி தேநீர்க் கோப்பையை மேசையில் வைத்தான்.

"மூணு தடவை," என்றார் மார்கஸ். "சின்னப் பாய்தானே, யாருக்குத் தெரியும்னு நினைச்சிருப்பான். படகு அதுலதான் தடுமாறுச்சு, நான் முந்தினேன். அவன் என்னைப் பார்த்து உதட்டுல விரலை வெச்சுச் சிரிச்சான். அண்ணன்கிட்ட சொல்லாதேன்னு."

"ஒன்பது வருஷம்," என்றான் பார்ட்லி. "ஒரு வார்த்தை சொல்லலையே."

"உனக்குத் தெரியும்னு நினைச்சேன்டா. அதான் நீ என் மூஞ்சியில முழிக்கலைன்னு நினைச்சேன். ஏன்னா நான் தாழ்த்தல. ஜெயிக்கிற வெறியில தாழ்த்தாமப் போனேன். அதை ஊர்ல சொன்னா எவன் என் படகுல ஏறுவான்? அன்னிக்கு அந்தத் தீவுக்கு வணக்கம் சொல்லாதவன் நான் ஒருத்தன்தான். நான் இங்க நிக்கிறேன். வணக்கம் சொன்னவன் மண்ணுக்குள்ள இருக்கான். கடல் யாரையும் பார்த்து எடுக்கிறதில்ல, பார்ட்லி. புனிதரும் அவ்வளவு அற்பமானவர் இல்ல."

பார்ட்லி நாற்காலியில் உட்கார்ந்தான். பிறகு, "சிரிச்சானா?" என்று கேட்டான்.

"நல்லாச் சிரிச்சான்."

அவன் மேசையில் முகத்தைக் கவிழ்த்துக்கொண்டு அழுதான். சவ அடக்கத்தில்கூட அழாதவன். மார்கஸ் அவன் முதுகில் கை வைத்தார். நான் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு அந்தப் பக்கம் திரும்பிவிட்டேன். எனக்கும் அழுகை வந்தது, ஆனால் வீட்டில் ஒருத்தராவது பிள்ளையைப் பிடித்துக்கொண்டிருக்க வேண்டுமே.

பெயரைப் பற்றி அதன் பிறகு நான் ஒன்றும் கேட்கவில்லை. அவனும் சொல்லவில்லை. ஆனால் மறுநாள் விடியும்போது கொட்டகைக் கதவு திறந்திருந்தது. பத்துப் பேர் சேர்ந்து நீர்க்காகத்தைத் தண்ணீரில் இறக்கினார்கள். உலர்ந்த பலகை இரண்டு நாள் தண்ணீர் குடித்தது, மார்கஸ் உள்ளேயே உட்கார்ந்து இறைத்துக்கொண்டிருந்தார்.

திருநாளன்று காலை பார்ட்லி சுக்கான் பிடித்தான், மார்கஸ் கயிற்றருகே நின்றார். நான் பிள்ளையோடு நடுவில் உட்கார்ந்தேன். எங்களைச் சுற்றி இருபது படகுகள், எல்லாவற்றிலும் தின்பண்டப் பையும் சொந்தக்காரர்களும். தீவின் மேற்கு முனை வந்தது. மேட்டில் கல் கோயில், அதைச் சுற்றி ஜனம். பார்ட்லியின் தாடை இறுகியதை நான் பார்த்தேன்.

"தாழ்த்துங்க," என்றான்.

பெரிய பாய் இறங்கி ஏறியது. மறுபடி இறங்கி ஏறியது. மூன்றாவது முறை மார்கஸ் அதை மெதுவாக, மிக மெதுவாக இறக்கினார்.

பக்கத்துப் படகிலிருந்து ஒரு பெண் கத்தினாள். "பாபீன், பையனுக்குப் பேரு வந்துச்சா?"

நான் பார்ட்லியைப் பார்த்தேன். அது நான் சொல்ல வேண்டிய பதில் இல்லை. பார்ட்லி சுக்கானை இடுப்பில் அணைத்துக்கொண்டு எழுந்து நின்றான். ஒன்பது வருஷமாக அந்த வாயில் வராத பெயர், அந்தத் தண்ணீர் முழுக்கக் கேட்கிறமாதிரி வந்தது.

"மக்தரா."

முன்னால் போன படகிலிருந்து ஒருவன், "என்னப்பா?" என்று திரும்பினான். இடது பக்கம் ஒரு கிழவர், "யாரு கூப்பிட்டது?" என்று கேட்டார். பின்னால் ஒரு பையன், "இங்க இருக்கேன்" என்றான். தீவின் பாறையில் கயிறு கட்டிக்கொண்டிருந்தவன் கையை உயர்த்தி, "வரேன், வரேன்" என்றான்.

பார்ட்லி நின்றபடியே சிரித்தான், கன்னத்தில் கண்ணீர் வழிந்தது, துடைக்கவில்லை. நான் பிள்ளையை அவன் பக்கம் திருப்பிப் பிடித்தேன். அவன் குனிந்து இன்னொரு முறை, இந்த முறை மெதுவாக, கூப்பிட்டான். பிள்ளை கண்ணைத் திறந்து அவனைப் பார்த்தது.